மந்திரமும் மன்றாட்டும்

சவுல் மன்னர் ஏன்தோருக்குச் சென்ற இரவை நாம் மறைக்கல்வி வகுப்புகளில் விரைந்து கடந்துவிடுவது வழக்கம். சாமுவேல் முதல் நூலின் 28ஆம் அதிகாரம் அது. பெலிஸ்தியர் சூனேமில் பாளையம் இறங்கியிருக்கின்றனர். அந்தப் படையைக் கண்டு மன்னரின் நெஞ்சு நடுங்குகிறது. ஆண்டவரிடம் கேட்கிறார். கனவில் பதில் வரவில்லை. ஊரிம் வழியாகவும் வரவில்லை. இறைவாக்கினர் வாயிலாகவும் வரவில்லை. வழிகாட்டி வளர்த்த சாமுவேலோ இறந்து இராமாவில் அடக்கமாகிவிட்டார். அந்நிலையில்தான் மன்னர் வேற்றுடை அணிந்து, இரண்டு ஆள்களை உடன் அழைத்துக்கொண்டு, இறந்தோரை எழுப்பும் பெண் ஒருத்தியின் வாசலை இருளில் சென்று தட்டுகிறார். அத்தகையோரை நாட்டைவிட்டு விரட்டியவரே அவர்தாம் என்பதைத் திருவிவிலியம் அதே அதிகாரத்தில் மறவாமல் குறிக்கிறது.

சவுலுக்குச் சட்டம் தெரியாதா? தெரியும், அவரே நடைமுறைப்படுத்திய சட்டம் அது. அவரை அந்த வாசலுக்குத் தள்ளியது அறியாமை அன்று. கேட்டும் பதில் வராத மௌனமே அவரைத் தள்ளியது. மாந்திரீகமும் ஆவி பேசுதலும் குறி கேட்டலும் மருத்துவமனைகளும் பல்கலைக்கழகங்களும் நிறைந்த இக்காலத்திலும் ஏன் குன்றாமல் நிற்கின்றன என்று எண்ணும்போதெல்லாம் அந்த இரவே நம் நினைவுக்கு வருகிறது.

படித்தவர்களாகிய நாம் இக்கேள்விக்கு ஒரு விடையைக் கையோடு வைத்திருக்கிறோம். பள்ளிக்கூடமும் மின்விளக்கும் வந்துவிட்டால் பேயும் பில்லியும் போய்விடும் என்பது அந்த விடை. 1917 நவம்பரில் செருமானிய அறிஞர் மாக்ஸ் வேபர் மூனிக் நகரில் மாணவர் முன் ஆற்றிய புகழ்பெற்ற உரையில், உலகைவிட்டு மாயம் அகன்றுகொண்டிருக்கிறது என்றார். கணக்கிட்டு அறிய இயலாத மறைவான ஆற்றல் எதுவும் உலகில் இல்லை என்னும் எண்ணமே புதுக்காலத்தின் அடையாளம் என்பது அவர் கருத்து. அதே 1917ஆம் ஆண்டின் கோடையில், இங்கிலாந்தில் பிராட்ஃபோர்டு நகரை அடுத்த காட்டிங்லி என்னும் சிற்றூரில், 16 வயதுப் பெண்ணொருத்தியும் அவளுடைய 9 வயது உறவுச் சிறுமியும் ஓடைக்கரையில் சிறகுள்ள தேவதைகள் ஆடுவதாகப் புகைப்படம் எடுத்தனர். அதே ஆண்டு ஏப்ரல் 24ஆம் நாள் உரோமைத் திருப்பேராயம், ஆவிகளோடு பேசும் கூட்டங்களுக்குக் கத்தோலிக்கர் வெறும் பார்வையாளராகக்கூடச் செல்லலாகாது என்று அறிவித்தது. மாயம் அகன்றுகொண்டிருந்த உலகில் இப்படியோர் ஆணைக்குத் தேவை எழுந்ததே!

அன்றைய ஐரோப்பாவை எண்ணிப் பார்ப்போம். முதல் உலகப் போரில் இலட்சக்கணக்கான இளைஞர் மடிந்துகொண்டிருந்தனர். பலருடைய உடல்கூட வீடு வந்து சேரவில்லை. ஒரு தந்தி மட்டும் வந்தது. மகனுக்குக் கல்லறை எங்கே என்று அறியாத தாய்மார் மாலை நேரங்களில் இருட்டறைகளில் ஒரு மேசையைச் சுற்றி அமர்ந்து, அவன் ஒரு சொல் சொல்வானா என்று காத்திருந்தனர். அவர்களுள் பேராசிரியர்களின் மனைவியரும் மருத்துவர்களும் இருந்தனர்.

காட்டிங்லிப் படங்களை 1920 டிசம்பரில் 'ஸ்ட்ராண்ட்' இதழில் உலகிற்கு அறிமுகம் செய்தவர் சர் ஆர்தர் கோனன் டாயில். கூர்மையான துப்பறியும் அறிவுக்கே உருவம் கொடுத்தாற்போல ஷெர்லாக் ஹோம்சைப் படைத்தவர். எடின்பரோவில் மருத்துவம் பயின்றவர். கத்தோலிக்கக் குடும்பத்தில் பிறந்து, இயேசு சபையாரின் ஸ்டோனிஹர்ஸ்ட் பள்ளியில் வளர்ந்து, இளமையிலேயே நம் விசுவாசத்தைக் கைவிட்டவர். மெய்ப்பிக்க முடியாத எதையும் ஏற்பதற்கில்லை என்பது அவர் விலகியதற்குக் காரணம். அதே மனிதர் பிற்காலத்தில், அட்டையில் வரைந்து வெட்டித் தொப்பி ஊசிகளால் நிறுத்திய பொம்மைத் தேவதைகளை மெய்ப்பு என்று ஏற்றுக்கொண்டார். படம் எடுத்த இருவரும் முதுமையில், 1983இல், அவை வெட்டிய அட்டைகளே என்று ஒப்புக்கொண்டனர். ஒரே ஒரு படம் மட்டும் உண்மையானது என்று இளையவர் அப்போதும் சாதித்தார் என்பதைச் சேர்த்தே சொல்லவேண்டும்.

மகனை இழந்த துயரத்தால்தான் டாயில் ஆவிகளை நம்பினார் என்று பலர் எழுதுகின்றனர். ஆண்டுகள் அதற்கு இடம் தரவில்லை. அவர் தம் நம்பிக்கையை வெளிப்படையாக அறிவித்தது 1916இல். போரில் காயமுற்றிருந்த மூத்த மகன் கிங்ஸ்லி நச்சுக்காய்ச்சலில் இறந்தது 1918 அக்டோபரில். ஆயினும், 1914இலேயே மைத்துனர் போர்க்களத்தில் மாண்டிருந்தார். மகனைத் தொடர்ந்து 1919இல் தம்பியும் போனார். நம்பிக்கை முதலில் வந்தது. துயரம் பின்னர் வந்து அதை விடமுடியாததாக ஆக்கிவிட்டது. இனி அந்த நம்பிக்கையைக் கைவிடுவதென்றால் மகனை இரண்டாம் முறை புதைப்பதாகும். இதனை அறியாமை என்று ஒதுக்க எமக்கு மனம் வரவில்லை.

பொய் வெளுத்தால் நம்பிக்கை கலையும் என்று எதிர்பார்ப்பவர்களும் ஏமாந்தே போகின்றனர். ஆவி பேசும் இயக்கத்தின் தொடக்கம் 1848 மார்ச் மாதம் நியூயார்க் மாநிலத்தின் ஹைட்ஸ்வில் என்னும் சிற்றூரில், ஃபாக்ஸ் குடும்பத்துச் சிறுமியர் இருவரின் அறையில் கேட்ட தட்டல் ஒலி. அவர்களுள் ஒருவரான மார்கரெட் பின்னாளில், 1858இல், கத்தோலிக்கத் திருச்சபையில் சேர்ந்தார். 1888 அக்டோபரில் நியூயார்க்கில் திரண்ட கூட்டத்தின் முன் மேடையேறி, அந்த ஒலி கால்விரல் மூட்டுகளைச் சொடுக்கி எழுப்பியதே என்று செய்தும் காட்டினார். அடுத்த ஆண்டே அவ்வாக்குமூலத்தைத் திரும்பப் பெற்றுக்கொண்டார். இயக்கமோ வாக்குமூலத்தாலும் தளரவில்லை, மறுப்புக்காகவும் காத்திருக்கவில்லை.

நம் சென்னையிலும் இதற்கொரு சான்று உண்டு. சாந்தோமிலிருந்து அடையாற்றுப் பாலத்தைக் கடந்தால் அடர்ந்து தெரியும் தோட்டம் பிரம்மஞான சபையினுடையது. 1875இல் நியூயார்க்கில் தோன்றிய அச்சபை 1882 இறுதியில் அங்குத் தன் தலைமையிடத்தை அமைத்தது. அதன் நிறுவனருள் ஒருவரான பிளாவட்ஸ்கி அம்மையாரின் அறையை அடுத்திருந்த ஒரு பேழையில், இமயத்து மகான்களின் கடிதங்கள் தாமாகவே தோன்றுவதாகச் சொல்லப்பட்டது. 1884 செப்டம்பரில் அவருடைய முன்னாள் வீட்டு நிர்வாகி கொடுத்த கடிதங்களைச் சென்னைக் கிறித்துவக் கல்லூரி இதழ் வெளியிட்டது. எல்லாம் ஏற்பாடு என்பது குற்றச்சாட்டு. இலண்டனின் உளவியல் ஆய்வுக் கழகம் அனுப்பிய ரிச்சர்டு ஹாட்ஜ்சன் நேரில் வந்து ஆராய்ந்து, 1885இல் அது மோசடியே என்று முடிவு கூறினார். அவர் ஆராய்ந்த முறை நடுநிலையானதன்று என்று ஒரு நூற்றாண்டுக்குப் பின், 1986இல், அதே கழகத்தின் இதழில் ஒரு கட்டுரை வந்தது. வழக்கின் தீர்ப்பு எதுவாயினும் ஆகுக. அம்மையார் 1885இல் இந்தியாவை விட்டுச் சென்றார். சபை நின்று வளர்ந்தது. இங்கிலாந்தில் டாயிலிடம் காட்டிங்லிப் படங்கள் சென்று சேரத் துணைநின்றவரும் அச்சபையின் உறுப்பினரே.

இவை அனைத்திலும் எம்மை மிகவும் தொட்ட நிகழ்ச்சி 1922 ஜூன் 17ஆம் நாள் அமெரிக்காவின் அட்லாண்டிக் சிட்டியில் ஒரு விடுதி அறையில் நடந்தது. கைவிலங்குகளையும் பூட்டிய பெட்டிகளையும் விட்டு வெளியேறிக் காட்டிய புகழ்பெற்ற வித்தைக்காரர் ஹாரி ஹூடினி, டாயிலின் நண்பர். புடாபெஸ்டில் பிறந்த யூதர். ரபி ஒருவரின் மகன். உயிரினும் மேலாக நேசித்த தாய் 1913இல் இறந்தபோது அவர் கடல் கடந்து ஐரோப்பாவில் இருந்தார். அந்த இழப்பு அவருக்கு ஆறவே இல்லை. டாயிலின் மனைவி, ஆவி வந்து தம் கையைப் பிடித்து எழுதவைப்பதாக நம்பியவர். அன்று திரையிட்ட அறையில் அவர் கை விரைந்து எழுதத் தொடங்கியது. அன்பு ததும்பும் சொற்கள் பக்கம் பக்கமாக வந்தன. ஒரு தாய் மகனுக்கு எழுதியவை போலவே இருந்தன. ஆனால் தாளின் உச்சியில் சிலுவைக் குறி இருந்தது. எழுத்து முழுவதும் நல்ல ஆங்கிலமாக இருந்தது. ஹூடினியின் தாய் யூத ரபியின் மனைவி. ஆங்கிலம் அவருக்குச் சரியாக வராது.

ஹூடினி அன்று ஒன்றும் சொல்லவில்லை. சில மாதங்களுக்குப் பின் தாம் நம்பவில்லை என்று செய்தித்தாளில் எழுதினார், நட்பு முறிந்தது. அதன்பின் அவர் ஊர் ஊராகச் சென்று ஆவி பேசுவோரின் தந்திரங்களை மேடையில் அம்பலப்படுத்தினார். இதைப் பகுத்தறிவின் வெற்றி என்று கொண்டாடுவோர் உண்டு. எமக்கு அது வேறு விதமாகத் தோன்றுகிறது. தாயின் உண்மையான ஒரு சொல்லுக்காக அத்தனை ஏங்கிய மகனுக்குத்தான் போலிச் சொல் அத்தனை கசந்தது. (டாயிலோ இறுதிவரை, ஹூடினியிடமே ஏதோ மறைவான ஆற்றல் இருக்கிறது, அதனால்தான் பூட்டுகளிலிருந்து வெளியேற முடிகிறது, அதை வேண்டுமென்றே ஒளிக்கிறார் என்று நம்பினார். நம்ப விரும்புகிறவனுக்கு மறுப்பும் சான்றாகிவிடும்.)

இதைப் படித்தபோது எம் பங்கைச் சேர்ந்த ஒரு தாயை நினைத்துக்கொண்டோம். லாரியில் கிளீனராகச் சென்ற அவருடைய 19 வயது மகன் நெடுஞ்சாலை விபத்தில் இறந்துபோனான். நாள்தோறும் காலைத் திருப்பலிக்கு வருபவர் அவர். நான்கைந்து மாதங்கள் கழித்து, பக்கத்து ஊரில் உடுக்கையடித்துக் குறி சொல்லும் கோடாங்கி ஒருவரிடம் போய்வந்ததாக எம்மிடம் தாமே வந்து சொன்னார். வெற்றிலை பாக்கோடு நூற்றொரு ரூபாய் வைத்தாராம். மகனே வந்து பேசினானாம். "குரல் அவன் குரல் மாதிரியேதான் இருந்துச்சு சார். ஆனா 'அம்மா'ன்னு கூப்பிட்டான். எம் மவன் ஒருநாளும் அப்படிக் கூப்பிட்டதில்ல, 'ஆத்தா'ன்னுதான் கூப்பிடுவான்" என்றார். அப்படியானால் அது பொய் என்று தெரிகிறதல்லவா என்றோம். தெரிகிறது என்றார். இனிப் போகமாட்டீர்கள்தானே என்றோம். சிறிது நேரம் பேசாதிருந்துவிட்டு, "போவேன் சார்" என்றார்.

அவருக்கு நாம் சொன்ன மறுமொழியை இன்று எண்ணினாலும் நாணமே மிஞ்சுகிறது. இணைச்சட்ட நூலின் 18ஆம் அதிகாரத்தைச் சொன்னோம். எதிர்காலத்தை அறியவும் இறந்தோரை அழைக்கவும் முயல்வதைத் திருச்சபையின் மறைக்கல்வி நூல் 2116ஆம் எண்ணில் விலக்கியிருப்பதைச் சொன்னோம். சொன்னவற்றில் ஒரு சொல்லும் தவறன்று. அவர் கேட்டுக்கொண்டார். எழுந்து போகும்போது, "சாமிகிட்ட கேட்டேன், மாதாகிட்டக் கேட்டேன், ஒருத்தரும் ஒரு வார்த்தை பேசலையே சார், அந்த ஆளாவது பேசினாரு" என்றார். சவுல் ஏன்தோரில் சொன்னதும் ஏறத்தாழ இதுதானே. அதன்பின் பல மாதங்கள் அவரைக் கோவிலில் காணவில்லை.

மூன்றாம் முறை சென்றபோது கோடாங்கி மகனைப் பேசவைத்ததோடு நிற்கவில்லை. இளவயதில் அவன் செத்தது தானாக நேர்ந்ததன்று. வீட்டு வாசலில் எலுமிச்சம்பழம் புதைத்துச் செய்வினை வைத்திருக்கிறார்கள். வைத்தவள் குடும்பத்துக்குள்ளேயே இருக்கிறாள் என்றாராம். பெயர் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இருக்கவில்லை. ஒரே சுவரைப் பங்கிட்டு வாழ்ந்த ஓரகத்தியோடு அன்றே பேச்சு நின்றது. இரு வீட்டுக்கும் பொதுவான கிணற்றடியில் தனித்தனி நேரம் வகுத்துக்கொண்டனர்.

மாந்திரீகத்தின் மற்றொரு கவர்ச்சியை நாம் இங்குதான் கண்டுகொண்டோம். தெற்கு சூடானின் அசாண்டே மக்களிடையே வாழ்ந்து ஆராய்ந்த ஆங்கிலேய மானிடவியல் அறிஞர் எவன்ஸ்-பிரிட்சர்ட் 1937இல் எழுதிய நூலில் ஒரு தானியக் குதிரைப் பற்றிச் சொல்கிறார். வெயிலுக்கு ஒதுங்கி மக்கள் அதன் நிழலில் அமர்ந்திருக்கும்போது குதிர் சரிந்து விழுகிறது, சிலர் காயமுறுகின்றனர். கால்களைக் கறையான் அரித்ததால் விழுந்தது என்பது அம்மக்களுக்கு நன்றாகவே தெரியும். வெயில் நேரத்தில் நிழலுக்கு ஆள்கள் வருவர் என்பதும் தெரியும். ஆனால் இந்தக் குதிர், இந்த நொடியில், இந்த மனிதர்மேல் ஏன் விழவேண்டும்? இக்கேள்விக்கு நம் அறிவியலில் விடை இல்லை. அசாண்டே மக்களிடம் இருந்தது: சூனியம். அறியாமையின் விடை அன்று அது. அறிவு முடியும் இடத்தில் எழும் கேள்விக்கான விடை. இவ்வறிஞர் 1944இல் கத்தோலிக்கரானார் என்பதையும் நம் வாசகர் அறிய விரும்புவர்.

நற்செய்தியிலும் ஒன்று இடிந்து விழுகிறது. லூக்கா 13ஆம் அதிகாரத்தில் ஆண்டவர் இயேசு சீலோவாமில் கோபுரம் விழுந்து 18 பேர் இறந்ததைக் குறிப்பிடுகிறார். அவர்கள் மற்றவர்களைவிடக் குற்றவாளிகள் என்று எண்ணுகிறீர்களா என்று கேட்டு, இல்லை என்கிறார். மனம் மாறுங்கள் என்று கேட்போரை நோக்கித் திரும்புகிறார். பின் யார்தான் காரணம்? அதை அவர் சொல்லவே இல்லை. யோவான் நற்செய்தியில், பிறவியிலேயே பார்வையற்றவரைக் காட்டி, இவர் செய்த பாவமா பெற்றோர் செய்த பாவமா என்று சீடர் கேட்டபோதும் இரண்டையும் மறுத்தார். நாம் அவரிடம் ஒரு குற்றவாளியைக் கேட்கிறோம். அவர் தர மறுக்கிறார். பல ஆண்டுகள் இப்பகுதிகளைப் படித்தும், அந்த மறுப்பில் எத்தனை இரக்கம் இருக்கிறது என்பதை அந்தக் கிணற்றடியைக் கண்ட பிறகே உணர்ந்தோம்.

ஏனெனில் 'ஏன் எனக்கு?' என்ற கேள்விக்கு மாந்திரீகம் தரும் விடை எப்போதும் ஒரு மனிதரின் பெயராகவே முடிகிறது. பெரும்பாலும் ஒரு பெண்ணின் பெயர். அதிலும் கைம்பெண், பிள்ளையில்லாதவள், அண்டைவீட்டாரோடு ஒத்துப்போகாத கிழவி. இதில் நாம் பிறரைச் சுட்டுவதற்குமுன் நம்மைப் பார்க்கவேண்டும். ஐரோப்பாவில் ஏறத்தாழ மூன்று நூற்றாண்டுகளில் 40,000 முதல் 60,000 பேர் வரை சூனியக்காரர் என்று கொல்லப்பட்டதாக வரலாற்றாசிரியர் கணிக்கின்றனர். கத்தோலிக்கர் ஆண்ட பகுதிகளிலும் நடந்தது. சீர்திருத்த சபையார் ஆண்ட பகுதிகளிலும் நடந்தது. அந்தக் கொடுமையின் நடுவே நின்று பேசியவர் இயேசு சபைக் குரு ஃபிரீட்ரிக் ஸ்பே. 1631இல் பெயர் போடாமல் ஒரு நூல் வெளியிட்டார். சித்திரவதை செய்து பெற்ற வாக்குமூலம் எதையும் மெய்ப்பிக்காது. இவ்வாறு வதைத்தால் நம்மில் எவரும் சூனியக்காரர் என்றே ஒப்புக்கொள்வோம் என்பது அவர் வாதம். கொலைக்களத்திற்குச் சென்றோருக்கு ஒப்புரவு கேட்டவர் என்பதால் தெரிந்தே எழுதினார். 1635இல் ட்ரியர் நகரில் நோயுற்ற போர்வீரருக்குப் பணிவிடை செய்யும்போது கொள்ளைநோய் தொற்றி இறந்தார். அவருடைய பெயர் நம் இளைஞர் எத்தனை பேருக்குத் தெரியும்?

நம் நாட்டில் அது பழங்கதையும் ஆகிவிடவில்லை. சூனியக்காரி என்று முத்திரை குத்தித் துன்புறுத்துவதைத் தடுக்கப் பீகார் 1999இலும், ஜார்க்கண்ட் 2001இலும், அசாம் 2015இலும் சட்டம் இயற்றவேண்டியிருந்தது.

திருச்சபை மாந்திரீகத்தை விலக்குவது கடைக்காரர் எதிர்க்கடையை வெறுப்பது போன்றதன்று. ஆனால் நம் நடைமுறை பல வேளைகளில் அப்படித்தான் தோற்றமளிக்கிறது. நம் மொழியே இதற்குச் சாட்சி. பழைய செபப் புத்தகங்களில் பரலோக மந்திரம் என்றும் விசுவாச மந்திரம் என்றும்தான் அச்சிட்டிருக்கும். புதுச் செபமாலை வாங்கினால், சாமியாரிடம் கொடுத்து மந்திரித்து வாங்கிவா என்பார் பாட்டி. இரண்டாம் வத்திக்கான் சங்கத்திற்குப் பின்னர் மந்திரம் போய்ச் செபமும் மந்திரித்தல் போய் ஆசீரும் வந்தன. சொல் மாறியது, பொருள் மாறியதா? இத்தனை பிரதி எடுத்து இத்தனை பேருக்கு அனுப்பினால் நற்செய்தி வரும், அலட்சியம் செய்தவருக்குக் கேடு வந்தது என்னும் புனிதர் பெயரிலான துண்டுக் கடிதங்கள் அன்று அஞ்சலட்டையில் வந்தன. இன்று வாட்ஸப்பில் வருகின்றன. அனுப்புவோர் கோடாங்கியிடம் போகாத குடும்பத்தினர்தாம். ஒன்பது கிழமை தவறாமல் செய்தால் கேட்டது கிடைத்தே தீரும் என்று அறிவிக்கும் விளம்பரத் தட்டிகளைக் கண்டால், பணம் கொடுத்துத் தூய ஆவியின் வல்லமையை வாங்க வந்த சீமோனைப் பேதுரு ஏன் அவ்வளவு கடுமையாகக் கண்டித்தார் என்பது விளங்கும். செபத்தின் ஆற்றல் அதன் வெளிச்செயலிலேயே இருப்பதாக எண்ணுவது மூடநம்பிக்கை என்று மறைக்கல்வி நூல் 2111ஆம் எண்ணில் கூறுகிறது. அந்த எண்ணை நாம் அந்தத் தாய்க்குச் சொல்லவில்லை. நமக்கே அது பொருந்தும் என்பதால் போலும்.

சிறுவர் கதைகளில் மந்திரக்கோல் வருவதைக் கண்டு அஞ்சும் அன்பர் உண்டு. 1997இல் ஹாரி பாட்டர் கதைகள் வெளிவரத் தொடங்கியது முதல் இப்பேச்சு ஓயவில்லை. எமக்கு அந்த அச்சம் இல்லை. கதை கதையென்று குழந்தைக்குத் தெரியும். கைப்பேசியில் சீட்டு எடுத்து எதிர்காலம் சொல்லும் வேடிக்கையும் பலருக்கு மாலைப்பொழுதின் விளையாட்டாகவே முடிந்துவிடும். எங்கே முடியாமற்போகிறது என்பதைத்தான் கவனிக்கவேண்டும்.

மந்திரத்தில் சொல் சரியாக இருந்தால் பலன் வந்தாகவேண்டும். கேட்கப்படுகிறவருக்கு மறுக்க உரிமை இல்லை. மன்றாட்டில் உண்டு. கெத்சமனித் தோட்டத்தில் இறைமகனே துன்பக் கிண்ணம் அகலும்படி கேட்டார், அது அகலவில்லை. இதைத் துயருறுவோரிடம் சொல்வது எளிதன்று. கேளுங்கள், கிடைக்கும் என்பதைச் சொல்வதே எளிது. எளிதானதை மட்டுமே சொல்லிப் பழகியிருந்ததால், அந்தத் தாய் மௌனத்தை எதிர்கொண்டபோது அவரோடு அமர்ந்திருக்க நமக்குத் தெரியவில்லை. சட்டத்தைச் சொல்லிவிட்டு எழுந்துகொண்டோம். ஏன்தோரில் அந்தப் பெண் நம்மைவிட மேலானவளாக நடந்துகொண்டாள். சாமுவேல் சொன்னதைக் கேட்டுச் சவுல் தரையில் நெடுஞ்சாண்கிடையாக விழுந்தபோது, வீட்டிலிருந்த கொழுத்த கன்றை அடித்து, மாவு பிசைந்து அப்பம் சுட்டு, வற்புறுத்தி உண்ணவைத்தே அனுப்பினாள்.

ஹூடினி 1926 அக்டோபர் 31ஆம் நாள் இறந்தார். முடிந்தால் திரும்பி வந்து பேசுவதாக மனைவி பெஸ்ஸிடம் சொல்லியிருந்தார். அவரும் காத்திருந்தார். 1936இல் அதே நாள் இரவு ஹாலிவுட்டில் ஒரு விடுதியின் மொட்டைமாடியில் கடைசி முறையாக அழைத்துப் பார்த்தார், பதில் இல்லை. பத்து ஆண்டுகளாகக் கணவரின் படத்தருகே எரிந்துகொண்டிருந்த விளக்கை அன்று அவர் அணைத்தார்.

இரண்டு நாள்களில் வருவது நம் கல்லறைத் திருநாள். நவம்பர் 2ஆம் நாள் மாலையில் நம் ஊர்க் கல்லறைத் தோட்டங்களைப் பார்த்தவருக்குத் தெரியும். களை பிடுங்கி, சுண்ணாம்பு பூசி, சாமந்தியும் மெழுகுதிரியுமாக மக்கள் வந்து அமர்கின்றனர். குரு தீர்த்தம் தெளித்துப் பெயர்களை வாசித்துச் செல்கிறார். செத்தவர்களோடு பேசாதவர் அங்கு அநேகமாக எவரும் இல்லை. மகளுக்கு வரன் வந்திருப்பதையும் இவ்வாண்டு மழை பொய்த்ததையும் சொல்கின்றனர். அவர்கள் பதில் பேசவேண்டும் என்று எவரும் கேட்பதில்லை. பேசினால்தான் அஞ்சி ஓடுவர்.

அவ்வாண்டு அந்தத் தாய் வருவாரா என்று நாம் ஐயுற்றிருந்தோம். பொழுது சாய்ந்தபின் தனியே வந்தார். மகனின் கல்லறைமேல் அதற்கு முன்பே யாரோ ஒரு மெழுகுதிரியை ஏற்றிவிட்டுப் போயிருந்தனர். ஓரகத்தி ஏற்றியதை நாம் பார்த்திருந்தோம். யார் வைத்தது என்று அவர் கேட்கவில்லை; அதை எடுத்து எறியவும் இல்லை. தாம் கொண்டுவந்த திரியை அதிலிருந்தே பற்றவைத்து அருகில் நட்டார். பிறகு குந்தி உட்கார்ந்து, "ஆத்தா வந்திருக்கேன்டா" என்று சொல்லிப் பேசத் தொடங்கினார்.